குறைக்கப்பட்ட ஓய்வூதியத்தை எதிர்த்து வழக்கு: முதல் தாள் முதல் தீர்ப்பு நடைமுறைக்கு வரும் வரை

இந்த வழிகாட்டி, 1.4.2003-க்கு முன் பணியில் சேர்ந்து பழைய ஓய்வூதியத் திட்டத்தில் ஓய்வு பெற்ற தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கும் ஆசிரியர்களுக்கும், அவர்கள் இறந்தபின் குடும்ப ஓய்வூதியம் வாங்குபவர்களுக்கும் ஆனது. மத்திய அரசில் ஓய்வு பெற்றவர்களுக்கு எங்கே வழி பிரிகிறதோ அங்கே அதைச் சொல்லியிருக்கிறேன்.

ஓய்வூதியக் கருத்துரு, அதாவது ஓய்வூதியம் வழங்கக் கேட்டு அனுப்பும் முன்மொழிவு, தயாரிக்கும் பிரிவில் நான் பல ஆண்டு வேலை பார்த்தேன். ஓய்வுக்குப் பின் மற்றவர்களின் மனுக்களை எழுதிக் கொடுத்து, அவர்களோடு வழக்கறிஞர் அலுவலகம் வரை போய் வந்திருக்கிறேன். சட்டம் தங்கள் பக்கம் இருந்தும், படிகளை முன்பின்னாக மாற்றிப் போட்டு இரண்டு மூன்று ஆண்டை இழந்தவர்களைத்தான் அதிகம் பார்த்தேன். அதனால் இங்கே வரிசைக்குத்தான் முக்கியத்துவம்.

1. குறைந்தது எது என்று முதலில் கண்டுபிடியுங்கள்

"பென்ஷன் குறைஞ்சு போச்சு" என்று வருபவர்களிடம் நான் கேட்கும் முதல் கேள்வி: அடிப்படை ஓய்வூதியம் குறைந்ததா, கைக்கு வரும் தொகை குறைந்ததா? இரண்டும் ஒன்றல்ல.

களஞ்சியம் செயலியிலோ கருவூலத்திலோ, குறைவதற்கு முந்தைய மூன்று மாதங்களுக்கும் பிந்தைய மூன்று மாதங்களுக்கும் ஓய்வூதியச் சீட்டு எடுத்துப் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். வங்கி பாஸ்புத்தகத்தை மட்டும் வைத்துப் பேசாதீர்கள். அதில் மொத்தத் தொகைதான் இருக்கும், எந்த இனத்தில் குறைந்தது என்று தெரியாது.

அடிப்படை அப்படியே இருந்து வருமான வரியோ மருத்துவக் காப்பீட்டுச் சந்தாவோ கூடியிருந்தால், அது வழக்குக்கான விஷயமே இல்லை. ஓய்வு பெறும்போது மூன்றில் ஒரு பங்கைத் தொகுத்து மொத்தமாக வாங்கியிருந்தால் அந்தப் பங்கு 15 ஆண்டுக்குப் பிடிக்கப்படும். 15 ஆண்டு முடிந்தும் பிடித்தம் நிற்கவில்லை என்றால்தான் தகராறு. குடும்ப ஓய்வூதியத்தில் முதல் சில ஆண்டுகள் 50 சதவீதமாக வருவது பிறகு 30 சதவீதமாக இறங்குவதும் விதிப்படியே. இந்த மூன்றையும் கழித்த பிறகும் குறைவு மிஞ்சினால் அடுத்த படிக்குப் போங்கள்.

மிஞ்சும் குறைவு பெரும்பாலும் மூன்று வழியில் வருகிறது. பணியிலிருந்தபோது கொடுத்த தேர்வுநிலை, சிறப்புநிலை (ஒரே பதவியில் நீண்டகாலம் இருப்பவருக்குத் தரும் உயர் ஊதிய நிலைகள்), ஊதிய உயர்வு தவறு என்று தணிக்கையில் சொல்லி, கடைசி ஊதியத்தைத் திருத்தி, ஓய்வூதியத்தையும் இறக்குவது ஒன்று. தகுதியான பணிக்காலத்தைக் குறைத்துக் கணக்கிடுவது மற்றொன்று. ஒழுங்கு நடவடிக்கையின் தண்டனையாகக் குறைப்பது மூன்றாவது. எந்த வழி என்பதைப் பொறுத்து வாதமே மாறும்.

2. ஆணையைக் கையில் வாங்காமல் எதையும் எழுதாதீர்கள்

ஓய்வூதியத்தை யாரோ ஒருவர் ஒரு தாளில் கையெழுத்துப் போட்டுத்தான் குறைத்திருப்பார். நீதிமன்றத்தில் ரத்து செய்யச் சொல்லி நாம் கேட்கப் போவது அந்தத் தாளைத்தான். அது இல்லாமல் போடும் மனு காற்றில் நிற்கும்.

யார் என்ன செய்கிறார்கள் என்பது தெரிந்தால் தாளைத் தேடுவது எளிது. நீங்கள் கடைசியாக வேலை பார்த்த அலுவலகம் கருத்துரு அனுப்புகிறது. சென்னையிலுள்ள மாநிலக் கணக்காயர் அலுவலகம், அதாவது நாம் ஏ.ஜி. ஆபீஸ் என்று சொல்வது, அதைச் சரிபார்த்து ஓய்வூதியக் கொடுவை ஆணையை, பி.பி.ஓ.வை, வழங்குகிறது. கருவூலம் அதன்படி பணம் போடுகிறது. ஆக, குறைப்பின் வேர் பெரும்பாலும் உங்கள் பழைய துறையில் இருக்கும்.

இது தெரியாமல் கருவூலத்தில் போய் மாதக்கணக்கில் சண்டை போடுபவர்கள் உண்டு. கருவூல அலுவலருக்கு வந்த ஆணையை மாற்றும் அதிகாரம் கிடையாது. அவரிடம் கேட்க வேண்டியது ஒன்றே ஒன்று: "எந்தக் கடிதத்தின் அடிப்படையில் குறைத்தீர்கள்? அதன் எண், நாள் கொடுங்கள்." அந்த எண்ணைப் பிடித்துக்கொண்டு ஏ.ஜி. ஆபீஸின் திருத்த ஆணைக்கும், அதிலிருந்து துறையின் செயல்முறை ஆணைக்கும், அதிலிருந்து தணிக்கைத் தடைக்கும், அதாவது தணிக்கையாளர் எழுதிய ஆட்சேபணைக்கும், பின்னோக்கிப் போக வேண்டும். நான்கு தாளும் வேண்டும்.

3. பணிப்பதிவேட்டு நகலும் மற்ற தாள்களும்

நேரில் கேட்டுக் கிடைக்காவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005-இன் கீழ் மனுச் செய்யுங்கள். கட்டணம் 10 ரூபாய். நீதிமன்றக் கட்டண வில்லையாக ஒட்டலாம். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு.

மனுவில் "ஏன் குறைத்தீர்கள்?" என்று கேட்டால் "விளக்கம் தர இயலாது" என்று பதில் வரும். தாளைக் கேளுங்கள். இப்படி எழுதினால் போதும்: "எனது பணிப்பதிவேட்டின் எல்லாப் பக்கங்களின் சான்றிட்ட நகல், எனது ஊதிய நிர்ணயத்தைத் திருத்திய செயல்முறை ஆணையின் நகல், அதற்கு அடிப்படையான தணிக்கைத் தடையின் நகல், அந்த ஆணைக்கு முன் எனக்கு அறிவிப்பு அனுப்பப்பட்டிருந்தால் அதன் நகலும் எனக்குக் கிடைத்ததற்கான ஒப்புகையும்."

கடைசி வரியை விட்டுவிடாதீர்கள். "அப்படி அறிவிப்பு எதுவும் கோப்பில் இல்லை" என்று பொதுத் தகவல் அலுவலர் எழுதிக் கொடுத்தால், அந்த ஒரு தாளே பல வழக்குகளில் பாதி வேலையை முடித்துவிடும். காரணத்தை 6-ஆம் படியில் சொல்கிறேன்.

பணிப்பதிவேட்டு நகல் வந்ததும் ஊதிய நிர்ணயப் பக்கங்களில் ஒன்றைத் தேடுங்கள்: "அதிகம் பெற்றதாகப் பின்னர் தெரிந்தால் திருப்பிச் செலுத்துகிறேன்" என்று நீங்கள் எழுதிக் கொடுத்த உறுதிமொழி. இருந்தால் அதை வழக்கறிஞரிடம் முதல் நாளே சொல்லுங்கள். மறைத்தால், எதிர்த்தரப்பு அதைத் தாக்கல் செய்யும் நாளில் நம்மிடம் பதில் இருக்காது.

4. கணக்கை நீங்களே போட்டுப் பாருங்கள்

தமிழ்நாட்டில் 30 ஆண்டு தகுதியான பணிக்காலம் இருந்தால் முழு ஓய்வூதியம், அதாவது ஊதியத்தில் 50 சதவீதம். குறைவாக இருந்தால் அந்த விகிதத்தில். குறைந்தது 10 ஆண்டு வேண்டும். மத்திய அரசில் 10 ஆண்டு முடித்தாலே 50 சதவீதம் என்பதால், அங்கே வேலை பார்த்த உறவினரின் கணக்கை வைத்து உங்கள் கணக்கைப் போடாதீர்கள்.

ஓர் எடுத்துக்காட்டு. கடைசி அடிப்படை ஊதியம் 60,000 ரூபாய், 30 ஆண்டுப் பணி என்றால் ஓய்வூதியம் 30,000. மூன்றில் ஒரு பங்கு தொகுத்துப் பெற்றிருந்தால் 10,000 போக 20,000 வரும். ஆனால் அகவிலைப்படி 30,000-க்குக் கணக்கிடப்பட வேண்டும். இப்போது தணிக்கையில் ஊதியத்தை 57,000 என்று திருத்தினால் ஓய்வூதியம் 28,500. மாதம் 1,500 ரூபாயும் அதற்குரிய அகவிலைப்படியும் இழப்பு. ஊதியம் அப்படியே இருந்து பணிக்காலத்தை மட்டும் 27 ஆண்டு என்று எடுத்தால் 27,000. உங்கள் குறைப்பு எந்தக் கணக்கோடு பொருந்துகிறது என்று பார்த்தாலே வேர் எங்கே என்று புரிந்துவிடும்.

பணிக்காலம் குறைந்திருந்தால் இரண்டு இடங்களைப் பாருங்கள். ஒன்று, ஊதியமில்லா விடுப்பையும் தற்காலிகப் பணிநீக்கக் காலத்தையும் எப்படி நடத்தினார்கள் என்பது. மற்றொன்று, நிரந்தரமாவதற்கு முன் சில்லறைச் செலவினத்திலிருந்து (அலுவலகத்தின் இதர செலவுக்கான நிதியிலிருந்து) சம்பளம் வாங்கிய காலம். தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978-இன் 11-ஆம் விதி அந்தக் காலத்தில் பாதியைச் சேர்க்கச் சொல்கிறது. 1.4.2003-க்கு முன்பே நிரந்தரமானவர்களுக்கு இது விடுபட்டிருந்தால் வலுவான கோரிக்கை.

ஊதிய உயர்வு நாளுக்கு முந்தின நாள் ஓய்வு பெற்றவர்கள் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். ஓராண்டு முழுக்க உழைத்திருந்தும் கடைசி உயர்வு விடுபட்டிருக்கும். 2017-இல் அய்யம்பெருமாள் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் அந்த உயர்வை ஓய்வூதியக் கணக்குக்காக மட்டும் சேர்க்கச் சொன்னது. 2023 ஏப்ரலில் கர்நாடக மின் ஊழியர்கள் வழக்கில் உச்ச நீதிமன்றமும் அதே திசையில் தீர்ப்பளித்தது. தமிழ்நாட்டில் 31.12.2014-இல் வந்த நிதித் துறை அரசாணை 311-உம் இதைத்தான் சொல்கிறது.

5. குறைப்பு வேறு, பிடித்தம் வேறு: இரண்டையும் பிரியுங்கள்

இந்தப் படியில்தான் அதிகம் பேர் சறுக்குகிறார்கள். தணிக்கைத் தடை வந்தால் துறை இரண்டு வேலை செய்யும். இனிமேல் வரும் ஓய்வூதியத்தைக் குறைக்கும். இதுவரை அதிகம் கொடுத்ததாகச் சொல்லும் தொகையைத் தவணையாகவோ பணிக்கொடையிலிருந்தோ பிடிக்கும். இரண்டையும் ஒரே ஆணையில் எழுதிவிடுவதால், நாமும் ஒரே விஷயம் என்று நினைத்து ஒரே வாதத்தை வைத்துவிடுகிறோம்.

பிடித்தத்துக்கு எதிராகச் சட்டம் நன்றாகவே பாதுகாப்புத் தருகிறது. ரஃபீக் மசீ வழக்கில் 18.12.2014 அன்று உச்ச நீதிமன்றம் திரும்பப் பிடிக்கக் கூடாத ஐந்து நிலைகளைச் சொன்னது: 'சி', 'டி' பிரிவு ஊழியர்கள், ஓய்வு பெற்றவர்களும் ஓராண்டுக்குள் ஓய்வு பெற இருப்பவர்களும், ஆணைக்கு முன் ஐந்து ஆண்டுக்கு மேல் கொடுத்து வந்த தொகை, மேல்நிலைப் பணியைத் தவறுதலாகப் பார்க்க வைத்து அதற்குக் கொடுத்த ஊதியம், பிடிப்பது பெரும் அநியாயமாகும் பிற நிலைகள். 2022-இல் தாமஸ் டேனியல் வழக்கில், ஓய்வு பெற்றுப் பத்தாண்டுக்குப் பின் கேரள ஆசிரியர் ஒருவரிடம் பிடிக்க முயன்றதையும் அதே நீதிமன்றம் தடுத்தது. ஊழியர் பொய்யான தகவல் தந்தோ ஏமாற்றியோ வாங்கவில்லை என்பது இந்தத் தீர்ப்புகளின் அடித்தளம். உங்கள் மனுவில் அந்த ஒரு வாக்கியம் கட்டாயம் இருக்க வேண்டும்.

ஒரு விலக்கு உண்டு. 2016-இல் ஜக்தேவ் சிங் வழக்கில், திருப்பிச் செலுத்துவதாக உறுதிமொழி கொடுத்திருந்த ஓய்வு பெற்ற நீதித்துறை அலுவலரிடம் பிடிக்கலாம் என்று தீர்ப்பானது. 3-ஆம் படியில் உறுதிமொழியைத் தேடச் சொன்னது இதற்குத்தான். அது எந்த ஊதிய நிர்ணயத்துக்காக, எந்தத் தேதியில் கொடுத்தது என்று பாருங்கள். வேறொரு நிர்ணயத்துக்கு எழுதிய உறுதிமொழியை இதற்கு இழுத்து வந்திருந்தால் எதிர்க்க இடமிருக்கிறது.

இனி வரும் குறைப்புக்கு ரஃபீக் மசீ உதவாது. அதிகம் கொடுத்ததைத் திரும்பப் பிடிக்காதே என்கிறதே தவிர, தவறான ஊதியத்தைத் தொடர்ந்து கொடு என்று அது சொல்லவில்லை. குறைப்பை எதிர்க்க, உங்கள் ஊதிய நிர்ணயம் அன்றைய விதிப்படி சரியானதே என்று நிரூபிக்க வேண்டும். எந்த அரசாணைப்படி தேர்வுநிலை கிடைத்தது, தகுதிநாள் எது, தேவையான துறைத் தேர்வு எப்போது தேறினீர்கள் என்று பணிப்பதிவேட்டுப் பக்க எண்ணோடு காட்ட வேண்டும்.

ரஃபீக் மசீயை மட்டும் நம்பிப் போன ஒருவரை எனக்குத் தெரியும். பிடித்தம் ரத்தானது, மாதா மாதக் குறைப்பு நிலைத்துவிட்டது. அவருடைய நிர்ணயம் சரி என்று காட்டும் துறைத் தேர்வுச் சான்று வீட்டிலேயே இருந்தது. யாரும் கேட்கவில்லை, அவரும் கொடுக்கவில்லை.

6. எப்படிக் குறைத்தார்கள் என்பதையும் சோதியுங்கள்

குறைப்பு சரியா தவறா என்பதற்கு முன், குறைத்த முறை சரியா என்று நீதிமன்றம் பார்க்கும். பணம் குறையும் ஓர் ஆணையைப் பிறப்பிக்கும் முன் உங்களுக்கு அறிவிப்பு கொடுத்து விளக்கம் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை என்றால் அந்தக் காரணத்துக்காகவே ஆணை ரத்தாக வாய்ப்பு அதிகம். ஆனால் அப்படி ரத்தானால் "புதிதாக அறிவிப்புக் கொடுத்து முடிவெடுங்கள்" என்று அனுப்பிவிடுவார்கள். அதனால் இதை முதல் வாதமாக வையுங்கள், ஒரே வாதமாக வைக்காதீர்கள்.

தண்டனையாகக் குறைத்திருந்தால் அதே தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளின் 9-ஆம் விதியைப் படியுங்கள். பணியிலிருந்தபோது தொடங்காத ஒழுங்கு நடவடிக்கையை ஓய்வுக்குப் பின் தொடங்க அரசின் அனுமதி வேண்டும். நான்கு ஆண்டுக்கு மேல் பழைய நிகழ்வுக்காகத் தொடங்கவும் முடியாது. சம்பவ நாளையும் குற்றச்சாட்டுக் குறிப்பாணை பிறப்பித்த நாளையும் எழுதி வைத்துக் கழித்துப் பாருங்கள்.

மத்திய அரசு ஓய்வூதியர்களுக்கு இன்னொரு கவசம் இருக்கிறது. ஒருமுறை வழங்கிய ஓய்வூதியத்தை எழுத்துப் பிழை, கணக்குப் பிழை தவிர வேறு காரணத்துக்காகப் பாதகமாகத் திருத்தக் கூடாது. இரண்டு ஆண்டுக்குப் பின் பிழை தெரிந்தால் ஓய்வூதியத்துக்கான துறையின் இசைவு வேண்டும் என்று அவர்களுடைய விதிகள் சொல்கின்றன.

இவற்றுக்கெல்லாம் மேல் நிற்பது 1971-இன் தேவகிநந்தன் பிரசாத் தீர்ப்பும் 2013-இன் ஜிதேந்திர குமார் ஸ்ரீவத்சவா தீர்ப்பும். ஓய்வூதியம் அரசின் கருணைக்கொடை அல்ல, அது சொத்து. சட்டத்தின் அதிகாரமின்றிப் பறிக்க அரசியலமைப்பின் 300-ஏ பிரிவு இடம்தராது. இதை மனுவில் ஒரு பத்தியில் சொன்னால் போதும். பத்துப் பக்கம் தீர்ப்புகளை அடுக்கி, உங்கள் தேதிகளை ஒரு பக்கத்தில் முடிக்கும் மனு நிற்காது.

7. துறைக்கு முறையீடு: ஒரு தடவை, சரியான ஆளுக்கு

ஆணை பிறப்பித்த அலுவலருக்கும் துறைத் தலைவருக்கும் முறையீடு அனுப்புங்கள், நகலை ஏ.ஜி. ஆபீஸுக்கும் கருவூலத்துக்கும். முதலமைச்சர் தனிப்பிரிவுக்கும் ஆட்சியர் குறைதீர் நாளுக்கும் போகலாம், ஆனால் அங்கே கொடுத்த மனு கடைசியில் ஆணை போட்ட அதே அலுவலகத்துக்குத்தான் வந்து சேரும்.

முறையீடு இரண்டு பக்கத்துக்குள் இருக்கட்டும். பணி விவரம், ஆணையின் ந.க. எண்ணும் (கோப்பு எண்) நாளும், பழைய தொகை, புதிய தொகை, ஏன் தவறு, என்ன வேண்டும். குறைப்பையும் பிடித்தத்தையும் தனித்தனிக் கோரிக்கையாக எழுதுங்கள். பதிவுத் தபால் 2025 செப்டம்பரில் விரைவுத் தபாலோடு இணைந்துவிட்டதால், அஞ்சலகத்தில் விரைவுத் தபாலுக்குச் சேர்ப்பித்த சான்றும் வேண்டும் என்று கேட்டு வாங்குங்கள். அந்தச் சான்று இல்லாவிட்டால் "மனுவே வரவில்லை" என்பார்கள்.

பதில் வராவிட்டால் ஒரு நினைவூட்டு அனுப்பலாம். அதற்கு மேல் வேண்டாம். மனு மேல் மனு போட்டுக்கொண்டே இருந்தால் காலம் நிற்கும் என்று பலர் நம்புகிறார்கள், நிற்காது. சி. ஜேக்கப் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம், காலம் கடந்த கோரிக்கைக்குப் பின்னாளில் ஒரு பதில் கிடைத்தது என்பதற்காக அது உயிர் பெற்றுவிடாது என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. பிடித்தம் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தால் முறையீட்டை அனுப்பிவிட்டுப் பதிலுக்குக் காத்திராமல் வழக்கறிஞரைப் பாருங்கள்.

8. எந்த நீதிமன்றம், யார் யார் மேல், என்ன கேட்பது

மாநில அரசு ஓய்வூதியர்கள் அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட வேண்டும். மதுரை, திண்டுக்கல், தேனி, இராமநாதபுரம், விருதுநகர், சிவகங்கை, புதுக்கோட்டை, தஞ்சாவூர், திருச்சி, கரூர், திருநெல்வேலி, தென்காசி, தூத்துக்குடி, கன்னியாகுமரி என்றால் மதுரைக் கிளை. மற்ற மாவட்டங்களுக்குச் சென்னை. மத்திய அரசு ஊழியர்களுக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு. அங்கே காலவரம்பு கண்டிப்பானது: இறுதி ஆணையிலிருந்து ஓராண்டு, முறையீட்டுக்குப் பதில் வராவிட்டால் ஆறு மாதம் காத்திருந்து அதன்பின் ஓராண்டு.

எதிர்மனுதாரர்களாக அரசுச் செயலாளர், துறைத் தலைவர், ஆணை போட்ட அலுவலர், மாநிலக் கணக்காயர், கருவூல அலுவலர் எல்லோரையும் சேர்க்கச் சொல்லுங்கள். கணக்காயரை விட்டுவிட்டால் தீர்ப்பு வந்தபின் "எங்களுக்கு உத்தரவு இல்லை" என்று கோப்பு நின்றுவிடும்.

கோரிக்கையில் நான்கு இருக்க வேண்டும்: ஆணையை ரத்து செய்தல், பழைய அளவில் ஓய்வூதியத்தைத் தொடர்தல், பிடித்ததைத் திருப்பித் தருதல், அதற்கு வட்டி. கூடவே இடைக்காலத் தடை கேட்கும் மனுவும் அன்றே தாக்கலாக வேண்டும். முதன்மை வழக்கு முடிய ஆண்டுகள் ஆகலாம். தடை இல்லாவிட்டால் அதற்குள் பிடித்தம் முழுவதும் முடிந்திருக்கும்.

"முறையீட்டைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்" என்று மட்டும் கேட்டு வழக்குப் போடச் சிலர் சொல்வார்கள். சீக்கிரம் முடியும் என்பது உண்மை. ஆனால் பாதகமான ஆணை ஏற்கெனவே கையில் இருக்கும்போது இந்த வழி எனக்குச் சம்மதம் இல்லை. துறை பரிசீலித்து, அதே காரணத்தை எழுதி நிராகரிக்கும். அப்புறம் மறுபடி முதலிலிருந்து வழக்கு. துறை வாயே திறக்காத நிலைக்கு மட்டும் அது பொருந்தும்.

வழக்கறிஞரிடம் போகும்போது தேதிப் பட்டியல் ஒன்று கையில் இருக்கட்டும்: பணியில் சேர்ந்த நாள், ஒவ்வொரு ஊதிய நிர்ணய நாள், ஓய்வு நாள், தணிக்கைத் தடை, ஆணை, அது கையில் கிடைத்த நாள், முறையீட்டு நாள். பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்திடும் முன் இந்தப் பட்டியலோடு ஒவ்வொரு தேதியையும் ஒப்பிடுங்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பார்க்காமல் சட்டப் பணிகள் ஆணைக்குழு மூலம் இலவச வழக்கறிஞர் கிடைப்பார்.

9. தாமதமானவர்களுக்கு

2015-இல் குறைத்தார்கள், இப்போதுதான் தெரிந்தது என்று வருபவர்கள் மனம் விட வேண்டாம். ஓய்வூதியம் தவறாகக் கணக்கிடப்பட்டால் ஒவ்வொரு மாதமும் அந்தத் தவறு புதிதாக நடக்கிறது. ஆனால் 2008-இன் தர்செம் சிங் தீர்ப்புப்படி, நிலுவைத் தொகை பொதுவாக வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுக்குத்தான் கிடைக்கும். ஒவ்வொரு மாதத் தாமதத்துக்கும் பின்னால் ஒரு மாத நிலுவை உதிர்ந்துகொண்டே போகும்.

10. தீர்ப்பு வந்தபின்

சான்றிட்ட நகலை வாங்கி, முகப்புக் கடிதத்தோடு எல்லா எதிர்மனுதாரர்களுக்கும் அனுப்புங்கள். தீர்ப்பில் எட்டு வாரம், பன்னிரண்டு வாரம் என்று கெடு இருந்தால் பெரும்பாலும் நகல் கிடைத்த நாளிலிருந்துதான் ஓடும். அந்த நாளுக்கும் சான்று வைத்துக்கொள்ளுங்கள். அரசு ரிட் மேல்முறையீடு போகலாம். அங்கே தடை வாங்காதவரை தீர்ப்பு செல்லும். கெடு முடிந்தும் நடக்காவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனுவை ஓராண்டுக்குள் போட்டாக வேண்டும். "அனுப்பிவிட்டோம், வந்துவிடும்" என்ற பேச்சை நம்பி அந்த ஓராண்டைக் கடத்திவிட்டுத் தவித்தவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

துறை புதிய கருத்துரு அனுப்பி, ஏ.ஜி. ஆபீஸ் திருத்திய ஆணை போட்டு, கருவூலத்தில் பணம் வரும். வந்ததும் நிலுவைக் கணக்கைக் கேட்டு வாங்குங்கள். அகவிலைப்படி ஒவ்வொரு காலத்துக்கும் அந்தந்த விகிதத்தில் சேர்ந்திருக்கிறதா, தொகுத்துப் பெற்ற தொகையிலும் பணிக்கொடையிலும் வர வேண்டிய வித்தியாசம் வந்ததா என்று சரிபாருங்கள்.

அப்புறம், திருத்திய ஆணையில் குடும்ப ஓய்வூதியம் என்ற வரியை மறக்காமல் படியுங்கள். உங்கள் தொகையை மட்டும் திருத்தி, அந்த வரியில் பழைய குறைந்த தொகையையே விட்டுவிடுவது நடக்கிறது. நீங்கள் இருக்கும்போது ஒரு கடிதத்தில் சரியாகும் விஷயம் அது. உங்களுக்குப் பின் உங்கள் மனைவியோ கணவரோ அதற்காக இதே பத்துப் படிகளையும் தனியாக ஏற வேண்டியிருக்கும்.